கம்பி யார் கையில்?

தோழனே!

"நேற்று இரவு வரை தெரிந்தது. காலையில் பார்த்தால் காணோம். கேபிள்காரரைக் கேட்டேன், 'மேலே கேளுங்கள்' என்கிறார். மேலே என்றால் யார் என்று கேட்டேன். கையை வானத்தை நோக்கிக் காட்டுகிறார்!"

பொதுக்கூட்டத்துக்காகச் சென்றிருந்த சிற்றூரொன்றில், தேநீர்க்கடை நடத்தும் நம் தோழர் ஒருவர், கண்ணாடிக் குவளையைக் கழுவியபடியே இதைச் சொன்னார். கடையிலே தொலைக்காட்சிப் பெட்டி இருக்கிறது, மின்சாரம் இருக்கிறது, மாதந்தோறும் தவறாமல் பணமும் கட்டிவருகிறார். ஆனால் அவர் நாள்தோறும் பார்த்துவந்த ஒரு செய்திச் சேனல் மட்டும் ஓர் இரவிலே மறைந்துவிட்டது. தடை செய்தது யார்? அரசாணை உண்டா? இல்லை. நீதிமன்றம் தீர்ப்பளித்ததா? இல்லை. அந்தச் சேனல்தான் மூடப்பட்டுவிட்டதா? அதுவும் இல்லை, பக்கத்து ஊரிலே ஒளிர்கிறது! இந்த ஊரில் மட்டும் இருட்டு. தணிக்கை என்ற பெயர் இல்லாத தணிக்கை. தண்டனை என்ற பெயர் இல்லாத தண்டனை!

அந்த இருட்டைப் பற்றித்தான் இன்று உன்னுடன் பேச விரும்புகிறேன். சின்ன விஷயம் என்று தள்ளிவிடாதே. மேடை நம்மிடம் இருக்கிறது. ஏடு நம்மிடம் இருக்கிறது. ஆனால் இரவு எட்டு மணிக்கு நம் மக்கள் கண்ணும் காதும் எங்கே இருக்கின்றன என்பதை நீ அறிவாய். அந்த இடத்துக்குச் செல்லும் பாதை ஒரு கறுப்புக் கம்பி. அந்தக் கம்பி யார் கையில் இருக்கிறது என்று கேட்கத் தெரியாதவன், அரசியலிலே பாதியைத்தான் அறிந்தவன்.

1991ஆம் ஆண்டை நினைத்துப் பார்! வளைகுடாவிலே போர் மூண்டது. அந்தப் போரை வீட்டிலே இருந்தபடி காணலாம் என்ற புதுமை பெருநகரங்களின் விடுதிகளிலே முதலில் நுழைந்தது. அதே ஆண்டில் ஸ்டார் வந்தது. 1992இல் ஜீ வந்தது. 1993 ஏப்ரல் 14 அன்று சன் தொலைக்காட்சி தமிழிலே ஒளி பரப்பத் தொடங்கியது. வானத்திலிருந்து விழும் ஒளியை வாங்கி வீட்டுக்கு வீடு கொடுத்தது யார்? டாட்டாவா? பிர்லாவா? அல்ல, தோழனே! வானொலி பழுது பார்த்துக்கொண்டிருந்த இளைஞன். வீடியோ காசெட்டு வாடகைக்கு விட்டுக்கொண்டிருந்த அண்ணன். வேலை கிடைக்காமல் திண்டாடிய படித்த பிள்ளை. நகையை அடகு வைத்து ஒரு பெரிய தட்டு வாங்கி மொட்டைமாடியிலே நட்டான். மாடிக்கு மாடி, மரத்துக்கு மரம், மின்கம்பத்துக்கு மின்கம்பம் கம்பியை இழுத்தான். மழையிலே ஆம்ப்ளிஃபயர் நனைந்தால் நள்ளிரவிலே ஏணியோடு ஓடினான். மாதம் பிறந்தால் வீடு வீடாகச் சென்று, "அக்கா, கேபிள் காசு!" என்று நின்றான். அவர்களிலே நம் தோழர்கள் எத்தனை பேர் என்பது உனக்கே தெரியும். நம் கொடிக்கம்பம் நட்ட கைகளே அந்தக் கம்பியையும் இழுத்தன.

அந்நாளில் போட்டி இருந்தது. ஒரே தெருவிலே இரண்டு பேர் கம்பி இழுத்ததும் உண்டு. ஒருவர் கம்பியை மற்றவர் இரவிலே வெட்டியதும் உண்டு! சட்டமோ, வழக்கம்போல, ஊர்வலம் போனபிறகு கொடி பிடித்து வந்தது. 1994 செப்டம்பரில் அவசரச் சட்டம். 1995இல் கேபிள் தொலைக்காட்சி வலையமைப்பு ஒழுங்குமுறைச் சட்டம். அதன்படி அந்நாளில் கேபிள் நடத்துவோர் எங்கே பதிவு செய்துகொள்ள வேண்டியிருந்தது, தெரியுமா? தலைமை அஞ்சலகத்தில்! தபால் தலை விற்கும் அதே கட்டடத்தில், ஆண்டுக்கு ஐந்நூறு ரூபாய் செலுத்திப் பதிவு செய்துகொண்டால் போதுமாக இருந்தது. வேடிக்கையாகத் தோன்றலாம். ஆனால் அந்தச் சட்டத்தின் உள்ளே வேடிக்கையில்லாத வேறொன்று இருந்தது. மாவட்ட ஆட்சியரும் கோட்டாட்சியரும் காவல் ஆணையரும் 'அதிகாரம் பெற்ற அலுவலர்'கள்; விதி மீறப்பட்டது என்று கருதினால் கருவிகளையே கைப்பற்றலாம். நகையை அடகு வைத்துக் கருவி வாங்கியவனுக்கு, அந்த ஒரு விதி போதாதா நெஞ்சிலே நடுக்கம் பிறக்க?

அதே 1995ஆம் ஆண்டு பிப்ரவரி 9 அன்று உச்சநீதிமன்றம் ஓர் அரிய தீர்ப்பை வழங்கியது. வானலை பொதுமக்களின் சொத்து. அரசாங்கத்தின் தனியுடைமை அன்று என்றது. கிரிக்கெட் ஆட்டத்தை ஒளிபரப்புவது பற்றிய வழக்கிலே பிறந்த தீர்ப்பு அது. நாமெல்லாம் கைதட்டினோம். கைதட்டிய மகிழ்ச்சியிலே ஒன்றை மறந்தோம்: வானலை மக்களுடையது, சரி; வானத்திலிருந்து இறங்கி வீட்டுக்குள் நுழையும் கம்பி யாருடையது? அந்தக் கேள்வியை அன்று எவரும் கேட்கவில்லை. கேட்காத கேள்விக்கு வணிகம் தானே விடை எழுதிக்கொண்டது.

எப்படி எழுதிற்று என்பதைச் சொல்கிறேன். நான் கல்லூரியை இடையிலே விட்டு வந்தவன். பொருளாதாரத்தைப் பரீட்சைக்காகப் படித்தவனல்லன். ஆகவே பாடப்புத்தகச் சொல் எதுவும் என்னிடம் இல்லை. தெருவிலே கண்டதைச் சொல்கிறேன். ஒரு தெருவிலே நூறு வீடு. முதல் கம்பி இழுத்தவன் நூறு வீட்டிலும் காசு வாங்குகிறான். இரண்டாவது ஒருவன் வந்தால் அவனும் அதே நீளத்துக்குக் கம்பி வாங்க வேண்டும். அதே எண்ணிக்கையில் கருவி வாங்க வேண்டும். ஆனால் அவனுக்குக் கிடைக்கப் போவது ஐம்பது வீடோ முப்பது வீடோதான். வட்டி கட்ட முடியாமல் ஆறே மாதத்தில் ஓடுகிறான். அல்லது முதல்வனிடமே விற்றுவிட்டுச் செல்கிறான். இட்லிக் கடைக்கு எதிரிலே இன்னொரு இட்லிக் கடை வைக்கலாம்; ஒரு கம்பிக்கு எதிரே இன்னொரு கம்பி நிற்பது அரிது. இந்தத் தொழிலில் போட்டி என்பது, விட்டுவிட்டால் வளரும் செடியன்று. விட்டுவிட்டால் வாடும் செடி.

தெருவிலே ஒருவன் நிலைத்தான். பிறகு, சேனல்கள் பெருகப் பெருக, ஒவ்வொரு மாடியிலும் தட்டு வைப்பது கட்டுப்படியாகாமல், நகருக்கு ஒரு 'கன்ட்ரோல் ரூம்' வந்தது. அங்கிருந்து வரும் சிக்னலை வாங்கித் தெருவுக்குக் கொடுக்கும் முகவரானான் மொட்டைமாடி இளைஞன். நேற்றுவரை முதலாளி, இன்று வசூல்காரன்! சென்னையிலே சுமங்கலி, ஹாத்வே என்ற பெயர்கள் வீட்டுப் பெயர்களாயின. சுமங்கலி சன் குழுமத்தைச் சேர்ந்தது என்பது ஊரறிந்த செய்தி. அதாவது, படம் எடுப்பவரும் கொட்டகை வைத்திருப்பவரும் ஒருவரே. பிறர் எடுத்த படத்துக்கு அந்தக் கொட்டகையிலே எந்தக் காட்சி கிடைக்கும், எந்த நாற்காலி கிடைக்கும் என்பதை நாடகக்காரனாகிய நான் உனக்குச் சொல்லித்தர வேண்டியதில்லை.

இருட்டடிப்பு என்றால் சேனலை அடியோடு அகற்றுவது மட்டுமே என்று எண்ணிவிடாதே. கைதேர்ந்தவர்கள் அப்படிச் செய்வதில்லை. பழைய நாளில், வீட்டுப் பெட்டிகள் பல, எல்லாப் பட்டைகளையும் பிடிக்க மாட்டா. 'எஸ் பாண்டு', 'ஹைப்பர் பாண்டு' என்று கேபிள்காரர்கள் சொல்வார்களே, அங்கே கொண்டுபோய் ஒரு சேனலை வைத்துவிட்டால் போதும், கேட்டால், "இருக்கிறதே!" என்பார்கள். இருக்கிறது, தெரியாது. தெரிந்தாலும் பனிமழை பொழியும். இன்று செட்டாப் பெட்டி வந்துவிட்டது. பட்டை போய் எண் வந்துவிட்டது. செய்திச் சேனல்கள் எல்லாம் ஓர் அணியாய் நிற்கும் இடத்திலிருந்து ஒன்றை மட்டும் பெயர்த்து, பக்திப் பாட்டுக்கும் பல்பொடி விளம்பரத்துக்கும் நடுவே எங்கோ ஒரு மூலையில் உட்கார வைத்தால், தேநீர்க்கடைத் தோழர் எத்தனை முறை பொத்தானை அமுக்கித் தேடுவார்?

எனக்கே நேர்ந்த ஒன்று. எங்கள் நாடகக் குழுவின் நாடகமொன்றை ஒரு சிறு சேனல் படம்பிடித்து ஞாயிறு மாலை காட்டுவதாக ஒப்புக்கொண்டது. ஊர்முழுதும் சொல்லிவைத்தேன். என் தாயார் பக்கத்து வீட்டுப் பெண்களையெல்லாம் கூட்டி உட்காரவைத்தார். மாலை ஐந்து மணி, திரையிலே நீலநிறம். அரை மணி நேரம் நீலநிறத்தையே பார்த்துவிட்டு அவர்கள் எழுந்து போனார்கள். மறுநாள் அந்தச் சேனல் வந்தது, ஒன்றுமே நடவாதது போல! 'தொழில்நுட்பக் கோளாறு' என்றார்கள். எந்த ஊர், எந்த நிறுவனம் என்பதெல்லாம் இங்கே வேண்டாம். அது கோளாறாகவும் இருக்கலாம். ஆனால் நாடகத்தில் அதிகார வர்க்கத்தைக் கிண்டல் செய்யும் காட்சி ஒன்று இருந்ததை நான் மறக்கவில்லை. அவர்களும் மறந்திருக்க மாட்டார்கள்.

பஞ்சாபுக்கு வா. அங்கே 'ஃபாஸ்ட்வே' என்ற குழுமத்தின் கையிலே மாநிலத்தின் மிகப் பெரும்பான்மையான கேபிள் இணைப்புகள். ஒரு செய்திச் சேனல், தன் ஒளிபரப்பை அக்குழுமம் நிறுத்திவிட்டது என்று போட்டி ஆணையத்திடம் முறையிட்டது. 2012இல் ஆணையம் எட்டுக் கோடி ரூபாய்க்கு மேல் அபராதம் விதித்தது. 2014இல் மேல்முறையீட்டுத் தீர்ப்பாயம் அதைத் தள்ளிற்று. சேனல் நடத்துபவர் கேபிள் நடத்துபவருக்குப் போட்டியாளர் அல்லரே என்பது அங்கே எழுந்த வாதம். 2018 ஜனவரியில் உச்சநீதிமன்றம் அந்த வாதத்தை ஏற்கவில்லை. ஆதிக்க நிலையிலே இருப்பவர் சந்தைக்குள் நுழையும் வழியை அடைத்தால் அது தவறே. அடைபட்டவர் போட்டியாளராக இருந்துதான் ஆகவேண்டும் என்பதில்லை என்று சட்டத்தைத் தெளிவாக்கியது. அபராதத்தை மட்டும் மீட்டுத் தரவில்லை. நல்ல தீர்ப்பு! ஆனால் ஆண்டுக் கணக்கைப் பார்த்தாயா? ஆணையத்தின் ஆணைக்கும் உச்சநீதிமன்றத்தின் சொல்லுக்கும் இடையே ஐந்தரை ஆண்டு! ஒரு பொதுத்தேர்தல் வந்துபோகும் காலம். செய்தி என்பது பால் போன்றது, தோழனே. ஐந்தரை ஆண்டு கழித்துக் கிடைக்கும் பாலை என்ன செய்வது?

"போட்டி இல்லையென்றால் விலையைக் கட்டுப்படுத்திவிடலாமே" என்று நீ கேட்பாய். நானும் ஒருகாலத்தில் அப்படித்தான் எண்ணினேன். அதற்கு விடை காண அமெரிக்கா வரை ஒருமுறை சென்று திரும்புவோம்.

அங்கே 1948இலேயே, மலை மறித்துப் படம் தெரியாத ஊர்களிலே, உயரத்தில் ஓர் ஆண்டெனா நட்டுக் கம்பி வழியே வீடுகளுக்குக் கொடுக்கத் தொடங்கிவிட்டார்கள். ஊராட்சிகள் கட்டணத்தைக் கண்காணித்துவந்தன. 1984இல் ஒரு சட்டம் வந்தது: கண்காணிப்பு வேண்டாம், சந்தை பார்த்துக்கொள்ளும் என்று. 1986ஆம் ஆண்டு முடிவிலே பெரும்பாலான ஊர்களில் கட்டுப்பாடு அகன்றது. சந்தை பார்த்துக்கொண்டதா? பார்த்துக்கொண்டது, தன் சட்டைப் பையை! மற்றப் பொருள்களின் விலையேற்றத்தை விஞ்சிக் கேபிள் கட்டணம் ஓடிற்று. மக்களின் சினம் எவ்வளவு என்றால், 1992இல் நாடாளுமன்றம் மீண்டும் கட்டுப்பாடு கொண்டுவந்தபோது குடியரசுத் தலைவர் மூத்த புஷ் அதைத் தடுத்துத் திருப்பியனுப்பினார். மேலவையில் 74க்கு 25, கீழவையில் 308க்கு 114 என்ற வாக்கில் அந்தத் தடை உடைத்தெறியப்பட்டது. அவர் பதவிக்காலத்திலே செலுத்திய தடைகளுள் முறியடிக்கப்பட்டது அது ஒன்றுதான். எண்ணெய்க்காக அல்ல, போருக்காக அல்ல, கேபிள் கட்டணத்துக்காக!

கதை அதோடு முடியவில்லை. அந்தச் சட்டத்தின் விலைக்கட்டுப்பாடு நெடுநாள் நிற்கவில்லை; 1996இல் வந்த வேறொரு சட்டம் 1999 மார்ச்சோடு அதன் பெரும்பகுதிக்கு முடிவு கட்டியது. ஆனால் அதே 1992 சட்டத்திலே, அந்நாளில் அதிகமாகப் பேசப்படாத ஒரு பிரிவு இருந்தது. கேபிள் நிறுவனங்கள் தம் கையிலுள்ள சேனல்களைத் தம் கம்பிக்கு மட்டுமே என்று பூட்டிவைக்கக் கூடாது; போட்டிக்கு வருபவருக்கும் நேர்மையான விலைக்குத் தரவேண்டும் என்றது அது. 1994இல் சிறிய தட்டு வழியே வானத்திலிருந்து நேரே வீட்டுக்கு ஒளிபரப்பும் சேவை அங்கே வந்தபோது, காட்டுவதற்குச் சேனல்கள் கிடைத்தன. அதனால் அது பிழைத்தது. விலைச்சீட்டு ஒட்டியது வாடிக்கையாளருக்குச் சில ஆண்டு நிழல் தந்தது. கதவைத் திறந்ததுதான் கம்பிக்கு ஓர் எதிரியைக் கொண்டுவந்தது.

இப்போது நம் வீட்டுக்குத் திரும்பு. நம்மவர்கள் எதைச் செய்தார்கள்? விலைச்சீட்டு ஒட்டினார்கள்! ஒட்டினார்கள், கிழித்தார்கள், மீண்டும் ஒட்டினார்கள்.

2003 செப்டம்பர் 1 அன்று சென்னையிலே செட்டாப் பெட்டித் திட்டம் வந்தது. இலவசச் சேனல்களுக்கு 72 ரூபாய் என்றார்கள். மற்றப் பெருநகரங்கள் தயங்கி நின்றன. நெடுநாள் சென்னை மட்டுமே அந்தச் சோதனையைச் சுமந்தது. 2004 ஜனவரியில் ஒளிபரப்பையும் கேபிளையும் தொலைத்தொடர்பு ஒழுங்குமுறை ஆணையத்திடம், டிராய் என்று சொல்கிறோமே அதனிடம், ஒப்படைத்தார்கள். அவ்வாணையம் அதே ஆண்டு டிசம்பரில், சேனல் வைத்திருப்பவர் கேட்கும் எவருக்கும் பாகுபாடின்றிக் கொடுத்தாக வேண்டும் என்று விதித்தது. இதைப் பாராட்டத்தான் வேண்டும். டிஷ் சேவைகள் தலையெடுக்க அது துணைநின்றது.

2007 அக்டோபரில் தமிழக அரசே ஒரு கேபிள் நிறுவனத்தைத் தொடங்கியது. அப்போது முதலமைச்சர் கலைஞர். 2011 செப்டம்பரில், ஆட்சி மாறியபின், முதலமைச்சர் ஜெயலலிதா அதே நிறுவனத்துக்குப் புத்துயிரூட்டி, மாதம் 70 ரூபாய் என்று அறிவித்தார். ஒருவர் நட்டதை மற்றவர் பிடுங்குவதே வழக்கமான நம் நாட்டில், ஒருவர் நட்டதற்கு மற்றவர் நீர் ஊற்றினாரே, ஏன் என்று சிந்தித்தாயா? கம்பியின் அருமையை இருவரும் அறிந்திருந்தார்கள்!

எழுபது ரூபாய் ஏழைக்கு நல்லதா? நல்லதுதான்; மறுக்கமாட்டேன். கூலிக்காரர் வீட்டுப் பெண்மணி அந்தத் தொகையை வாழ்த்தினார். வாழ்த்தியதிலே பொய் இல்லை. தனியார் ஒருவர் பிடியில் சிக்கியிருந்த தொழிலிலே அரசு குறுக்கிட்டதும் குற்றமன்று. ஆனால், டில்லி ஆணையம் 2008இலும் மீண்டும் 2012இலும், மாநில அரசுகள் இந்தத் தொழிலிலே இறங்கக் கூடாது என்று பரிந்துரைத்தபோது, மாநில உரிமையிலே நாட்டமுள்ள நாம் வெகுண்டெழுந்தோமே, அந்த வெகுளியிலே ஒரு பாதி நியாயத்தை நாம் கேளாமல் விட்டோம். டில்லிக்காரர் தமக்கு மட்டும் அந்த அதிகாரம் வேண்டும் என்று விரும்பியது அநீதி. ஆனால், ஆளுவோர் கையிலே கம்பி இருந்தால் ஆளுவோரைக் குறைகூறும் சேனலின் கதி என்ன என்று அவர்கள் எழுப்பிய ஐயம்? அது டில்லிக்கும் பொருந்தும், சென்னைக்கும் பொருந்தும், நாளை நம் கைக்கு வந்தால் நமக்கும் பொருந்தும். இறுதியில் 2017 ஏப்ரலில் டில்லியே அந்த நிறுவனத்துக்கு டிஜிட்டல் உரிமமும் வழங்கிவிட்டது. ஐயத்துக்கு விடை மட்டும் வழங்கவில்லை.

அதே 2017 மார்ச்சில் டிராய் புதிய கட்டண ஆணை பிறப்பித்தது. சேனல் முதலாளிகள் நம் சென்னை உயர்நீதிமன்றத்திலே வழக்காடினார்கள். இரு நீதிபதிகள் இரு வேறாகத் தீர்ப்பளிக்க, மூன்றாவது நீதிபதி ஆணையத்தின் பக்கம் நின்றார். உச்சநீதிமன்றமும் 2018 அக்டோபரில் ஆணையத்துக்கு அதிகாரம் உண்டு என்றது. 2019 பிப்ரவரி 1 முதல் நடைமுறை. "வேண்டியதற்கு மட்டும் விலை கொடு!" என்று முழங்கினார்கள். இணைப்புக்கு 130 ரூபாய்; வரியோடு 153 ரூபாய் 40 காசு; அதன் மேல் ஒவ்வொரு சேனலுக்கும் தனி விலை. எழுபது ரூபாய்க்கு எல்லாம் பார்த்த வீட்டிலே, வாசலைத் தாண்டவே நூற்றைம்பது! தொகுப்பிலே சேர்க்கும் சேனலுக்கு 19 ரூபாய் உச்சம் என்றார்கள், பிறகு 12 என்றார்கள், வழக்கு நடந்தது, 2022 நவம்பரில் மீண்டும் 19 என்றார்கள். 2023 பிப்ரவரியில், புதிய ஒப்பந்தத்திலே கையெழுத்திடாத கேபிள் நிறுவனங்களுக்குப் பெரிய ஒளிபரப்பாளர் சிலர் சிக்னலை நிறுத்தினர். யானையும் யானையும் மோதின. நசுங்கிய புல் வழக்கம்போல நாம். 2024 ஜூலையில் அந்த 130 ரூபாய் உச்சவரம்பையே எடுத்துவிட்டார்கள். சந்தை பார்த்துக்கொள்ளுமாம்!

இதற்கிடையே பெரியவர்கள் சும்மா இருந்தார்களா? 2018இல் ரிலையன்ஸ், ஹாத்வே, டென் என்ற இரு பெரும் கேபிள் நிறுவனங்களில் பெரும்பங்கை வாங்குவதாக அறிவித்தது. 2024 நவம்பரில் அதே ரிலையன்சின் ஒளிபரப்புத் தொழிலும் டிஸ்னியின் இந்தியத் தொழிலும் ஒன்றாயின. அலைபேசி அவர்களுடையது, கம்பி அவர்களுடையது, இப்போது நூற்றுக்கு மேற்பட்ட சேனல்களும் அவர்கள் குடும்பத்தில்! போட்டி ஆணையம் சில நிபந்தனைகளோடு இசைவு தந்தது. கேபிள் தொழிலிலே எவர் கையிலும் ஒரு சந்தையின் பாதிக்கு மேல் குவியக் கூடாது என்று 2013இல் பரிந்துரைத்த அதே டிராய், 2022இல், போட்டி போதுமான அளவு இருக்கிறது, தனி வரம்பு தேவையில்லை என்று கருத்தை மாற்றிக்கொண்டது. டிஷ் வந்துவிட்டது, இணையம் வந்துவிட்டது, இனிக் கேபிள்காரன் தனிக்காட்டு ராஜா அல்லன் என்பது காரணம். அதிலே உண்மை இருக்கிறது. நகரத்திலே, வருமானமுள்ள வீட்டிலே, அது உண்மை. அந்தச் சிற்றூர்த் தேநீர்க்கடையிலே? இணைய இணைப்பும் அதே கேபிள்காரர் வழியே வரும் தெருவிலே?

விலை, விலை, விலை என்று இருபது ஆண்டு பேசினோம். 72, 70, 130, 19, 12. இந்த எண்களிலே ஒன்றாவது தேநீர்க்கடைத் தோழரின் செய்திச் சேனலைத் திருப்பித் தந்ததா? விதி இருக்கிறது, இல்லையென்று சொல்லவில்லை. இடமிருந்தால், கேட்கும் சேனலைக் கம்பிக்காரர் ஏற்றியாக வேண்டும் என்று டிஜிட்டல் காலத்து விதி சொல்கிறது. ஏற்றுவதற்கு வாங்கும் கட்டணம் சாதாரணச் சேனலுக்கு ஒரு வீட்டுக்கு மாதம் 20 காசுக்கு மேல் போகக் கூடாது என்றும் சொல்கிறது. ஆனால் மீறினால் எங்கே போவது? டில்லியிலே இருக்கும் தீர்ப்பாயத்துக்கு! திருவாரூரிலே சிறு சேனல் நடத்துபவர் மூட்டை கட்டிக்கொண்டு டில்லிக்குப் போய், வழக்கறிஞரை அமர்த்தி, தேதி வாங்கித் திரும்புவதற்குள், நிலைய விளக்கே அணைந்துவிடும்.

ஆகவே நாம் கேட்க வேண்டியது வேறு. கம்பி வைத்திருப்பவர் சேனலும் வைத்திருந்தால், இரண்டுக்கும் கணக்கு வேறு, நிர்வாகம் வேறு என்று பிரிக்கப்பட வேண்டும். ஒரு சேனலின் எண்ணை மாற்றினாலும், நிறுத்தினாலும், காரணத்தை எழுதி, முன்கூட்டியே மக்களுக்கு அறிவிக்க வேண்டும். மாநிலத் தலைநகரிலாவது ஓர் அமர்வு இருந்து நாள்கணக்கில் தீர்ப்புச் சொல்ல வேண்டும். தெருவிலே ஏணியோடு ஓடும் அந்த மனிதனுக்கு, தனி ஒப்பந்தம் இல்லாத இடத்தில் இணைப்புக் கட்டணத்திலே மேலே 55, கீழே 45 என்று விதி வகுத்த பங்கு, கையிலே வந்துசேர்கிறதா என்று கணக்குப் பார்க்க வேண்டும். அவன் நிமிர்ந்து நின்றால்தான், "மேலே கேளுங்கள்" என்று வானத்தைக் காட்டமாட்டான்.

இனிச் சொல்லப்போவது உனக்குக் கசக்கலாம். நான் மேடையிலே சொல்லத் தயங்கி, இங்கே எழுதுகிறேன்.

ஒரு காட்சி. நம் வட்டச் செயலாளர் வீடு. மாலை நேரம். எதிரே தொலைக்காட்சி. நம் தலைவரைப் பற்றி ஒரு சேனல் தாறுமாறாகப் பேசிக்கொண்டிருக்கிறது. செயலாளரின் முகம் சிவக்கிறது. அலைபேசியை எடுக்கிறார்.

"தம்பி, அந்தச் சேனலை ரெண்டு நாளைக்கு..."

மறுமுனையிலே மொட்டைமாடி இளைஞன், இப்போது நரைத்துவிட்டவன். அவனுக்குத் தெரியும்: மின்கம்பத்துக்கு வாடகை, சாலையைத் தோண்ட அனுமதி, நாளை வரக்கூடிய 'அதிகாரம் பெற்ற அலுவலர்'. "சரிங்கண்ணே" என்கிறான்.

இது கற்பனை என்று நான் எழுதலாம், நாடகக்காரன்தானே. நீ உன் ஊரை எண்ணிப்பார்த்துவிட்டு, கற்பனை என்று சொல், ஏற்றுக்கொள்கிறேன். நம்மை ஏசும் சேனலைக் காண வகையின்றிச் செய்துவிட்டு, நாளை நம் சேனலை மறைத்தார்கள் என்று தெருவிலே நின்று முழங்கினால், நம் குரலிலே வலு இருக்குமா? ஏசட்டும், தோழனே. பொய் சொன்னால் மறுப்பு எழுது, மேடை போடு, வழக்குத் தொடு. கம்பியைத் தொடாதே.

வரும் கிழமை ஒரு வேலை செய். உன் தெருவுக்குக் கேபிள் கொடுப்பவரைச் சென்று பார். சந்தா வாங்க அவர் வரும்போது வாசலிலே நிறுத்திப் பேசாதே. உட்காரவைத்துத் தேநீர் கொடுத்துப் பேசு. அவர் எந்த நிறுவனத்திடமிருந்து சிக்னல் வாங்குகிறார். எழுத்திலே ஒப்பந்தம் இருக்கிறதா. அதன் படி அவர் கையில் கொடுக்கப்பட்டதா. மாதம் எவ்வளவு மேலே போகிறது. கடந்த ஓராண்டில் எந்தச் சேனல் இடம் மாறியது, எது மறைந்தது, யார் சொல்லி? சொல்லத் தயங்கினால் வற்புறுத்தாதே. தயங்கினார் என்பதை மட்டும் குறித்துக்கொள். ஊர்ப் பெயரோடு, அவர் பெயர் இல்லாமல், மாவட்ட அலுவலகத்துக்கு எழுது. தேநீர்க்கடைத் தோழரிடம் நானும் அதைத்தான் கேட்டுக்கொண்டு வந்திருக்கிறேன். அவர் ஒரு பழைய பள்ளி நோட்டை எடுத்து, முதல் பக்கத்திலே தேதி போட்டுவிட்டார்.